தேசாந்தரம்: கால இயந்திரத்தில் காணாமற்போன திருகாணி

தமிழில் கால இயந்திரக் கதைகளுக்குப் பஞ்சமில்லை. 2015இல் ‘இன்று நேற்று நாளை’, 2016இல் ‘24’, 2023இல் ‘மார்க் ஆண்டனி’ எனத் திரைப்படங்கள் மட்டுமே ஒரு சிறு மரபாகிவிட்டன. இயந்திரம், கைக்கடிகாரம், தொலைபேசி என்று கருவியின் உருவம் மாறுகிறது; கருவியைக் குறித்த விவாதம் மாறுவதில்லை. கடந்த காலத்தைத் திருத்தினால் நிகழ்காலம் என்னவாகும் என்ற கேள்வியையே விமர்சனங்கள் சுற்றிச் சுற்றி வருகின்றன. 1895இல் எச். ஜி. வெல்ஸ் தம் நாவலை வெளியிட்ட நாள்முதல் இக்கேள்வியின் கவர்ச்சி குறையவில்லை. ஆனால் அதற்கு முன்னரே கேட்கப்பட வேண்டிய எளிய கேள்வி ஒன்று உண்டு. கருவியின் முகப்பில் ‘மாலை 5 மணி’ என்று பதித்தால், அது எந்த ஊர் 5 மணி?

கேள்வி அற்பமானதாகத் தோன்றலாம். மும்பையின் சயானில் அந்த இயந்திரத்தை இறக்கிப் பார்த்தால் அப்படித் தோன்றாது. பயணி 1900ஆம் ஆண்டிற்குப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். சயான் வழியே செல்லும் இருப்புப் பாதை 1853 ஏப்ரல் 16 அன்று போரி பந்தருக்கும் தாணேவுக்கும் இடையே திறக்கப்பட்ட அதே பாதை. அதன் வண்டிகள் அப்போது மதராஸ் நேரத்தில் ஓடின. தண்டவாளத்தை விட்டு இறங்கித் தெருவுக்கு வந்தால் ஊர் பம்பாய் நேரத்தில் வாழ்ந்தது. வண்டிக்கு 5 மணி, தெருவுக்கு 4.30. பயணி 1910க்குப் போனால் வண்டியில் 5 மணி என்பது இந்தியத் திட்ட நேரம். தெருவிலோ 4 மணி 21 நிமிடம். 1944க்குப் போனால் போர்க்காலத்திற்காக ஒரு மணி நேரம் முன்னே தள்ளப்பட்ட திட்ட நேரப்படி 5 மணி. பம்பாய் நேரப்படி 3 மணி 21 நிமிடம். ஒரே இடம், ஒரே கணம், இரண்டு மணிகள். இந்த நகரத்தில் கால இயந்திரத்தை ஓட்ட முனைபவர் முதலில் அளவைத் திருத்தம் கற்க வேண்டும்.

இந்த வேறுபாடுகளின் கணக்கு கடினமானதன்று. புவி 24 மணி நேரத்தில் 360 பாகை சுழல்கிறது. ஆகவே ஒரு பாகைக்கு 4 நிமிடம். மும்பையின் தீர்க்கரேகை ஏறத்தாழ 72.8 பாகை, கிரீன்விச்சைவிட 4 மணி 51 நிமிடம் முந்தியது. சென்னையின் தீர்க்கரேகை ஏறத்தாழ 80.3 பாகை, 5 மணி 21 நிமிடம் முந்தியது. 1906 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த இந்தியத் திட்ட நேரம் 82.5 பாகையைப் பிடித்துக்கொண்டு 5 மணி 30 நிமிடம் என்று நின்றது. பெருக்கல் வாய்பாடு தெரிந்த எவரும் இதைச் செய்துவிடலாம். ஆனால் எந்தப் பாகையை எல்லாரும் ஏற்க வேண்டும் என்பதை வாய்பாடு சொல்லாது. கடிகாரத்தைத் திருத்தும் கை யாருடையது என்ற வினா அங்கேதான் தொடங்குகிறது.

மதராஸ் நேரம் என்ற பெயரைக் கேட்டு மும்பைத் தமிழர் மகிழ்ச்சி கொள்ள ஏதுமில்லை. அது கிழக்கிந்தியக் கம்பெனி 1792இல் நிறுவிய வானாய்வகத்தின் நேரம். அந்த வானாய்வகத்தின் தொலைநோக்கியைத் தாங்கிய கருங்கல் தூண் இன்றும் சென்னை நுங்கம்பாக்கத்தில் வானிலை ஆய்வு மைய வளாகத்தில் நிற்கிறது. அதில் தமிழிலும் எழுத்துகள் பொறிக்கப்பட்டுள்ளன. தூணில் தமிழுக்கு இடமிருந்தது. நேரத்தை வகுப்பதில் தமிழ் பேசியவர்களுக்கு இடமிருக்கவில்லை. 1881இல் பம்பாய் ஆளுநர் ஜேம்ஸ் பெர்குசன் மதராஸ் நேரத்தை நகரத்தின் அலுவல் நேரமாக்க முயன்றார். நகரம் ஏற்கவில்லை; 1883இல் அம்முயற்சி கைவிடப்பட்டது. தொலைவில் ஓரிடத்தில் நிற்கும் தொலைநோக்கி தங்கள் தலைக்கு மேலிருக்கும் சூரியனைவிட உயர்ந்ததா என்பதே பம்பாய்க்காரர்களின் வாதம்.

1906இல் திட்ட நேரம் வந்தபோது எதிர்ப்பு வேறு வடிவம் கொண்டது. அதற்குச் சற்று முன்புதான் பருத்தி ஆலைகளுக்குள் மின்விளக்கு வந்து, சூரியன் மறைந்த பின்னும் வேலை நீளத் தொடங்கியிருந்தது. இப்போது கடிகாரமும் 39 நிமிடம் முன்னே நகர்ந்தது. ஆலைச் சங்கு ஊதும் எண் மாறவில்லை. ஆனால் அந்த எண் விடியலுக்கு 39 நிமிடம் முந்திவிட்டது. 1906 ஜனவரியில் ஆலைத் தொழிலாளர் வேலையை நிறுத்தியதை வெறும் பழமைவாதம் என்று ஒதுக்கிவிட இயலாது. கடிகார முள்ளை அலுவலகத்தில் திருப்பியவர் ஒருவர். அதற்கு ஈடாக இருளில் எழுந்து நடக்க வேண்டியிருந்தவர் வேறொருவர். மாநகராட்சி தன் கடிகாரங்களைப் பம்பாய் நேரத்திலேயே வைத்துக்கொண்டது. அரசும் இருப்புப்பாதையும் ஒரு நேரத்திலும் ஊர் இன்னொரு நேரத்திலுமாக ஏறத்தாழ அரை நூற்றாண்டு கழிந்தது. 1955 அளவில்தான் பம்பாய் நேரம் முற்றிலும் மறைந்தது.

இவ்வரலாற்றில் சயானுக்குத் தனிப் பொருத்தம் ஒன்று உண்டு. மராத்தியில் அவ்வூரின் பெயர் ‘ஷீவ்’. எல்லை என்பது அதன் பொருள். பம்பாய்த் தீவு முடிந்து சால்செட் தொடங்கும் விளிம்பு அது. 17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயர் அங்கே கோட்டை கட்டியதும் எல்லை என்பதால்தான். ஷீவ் என்ற சொல் போர்த்துக்கீசிய, ஆங்கிலேய நாவுகளில் உருமாறித் தமிழருக்குச் சயான் என்று வந்து சேர்ந்தது. நிலத்தின் எல்லையாக இருந்த இடம், வண்டி நேரமும் ஊர் நேரமும் உரசிக்கொள்ளும் காலத்தின் எல்லையாகவும் இருந்திருக்கிறது.

இனி, தமிழ்ச் சொல் ஒன்றைப் பார்க்கலாம். பஞ்சாங்கக் கணிதத்தில் ‘தேசாந்தரம்’ என்றொரு திருத்தம் உண்டு. நடுவரையாகக் கொள்ளப்படும் இலங்கை–உஜ்ஜயினிக் கோட்டிலிருந்து கணிப்பவரின் ஊர் எவ்வளவு கிழக்கிலோ மேற்கிலோ இருக்கிறது என்று பார்த்து, அதற்கேற்ப நாழிகையைக் கூட்டுவதும் குறைப்பதும் தேசாந்தரத் திருத்தம். இதனோடு, ஊர் நிலநடுக்கோட்டிலிருந்து எவ்வளவு வடக்கே இருக்கிறது என்பதைப் பொறுத்துப் பகலின் நீளத்தைத் திருத்தும் ‘சரம்’ என்ற கணக்கும் சேரும். அதாவது, பழைய கணிதர்களின் கால இயந்திரத்தில் இடத்தைத் திருத்தும் திருகாணிகள் இரண்டு இருந்தன. அவற்றைத் திருகாமல் எவரும் நாளைக் கணித்ததில்லை.

அதே தேசாந்தரம் என்ற சொல்லுக்குப் பேச்சுத் தமிழில் அயல்தேசம் என்ற பொருளும் உண்டு. பிழைப்புத் தேடித் தேசாந்தரம் போனவர்களைப் பற்றி ஊர்களில் பேசுவார்கள்; ஊர் சுற்றுபவர் தேசாந்திரி. மண்ணை விட்டுப் போவதற்கும் மணியைத் திருத்துவதற்கும் ஒரே சொல் என்பது தற்செயலன்று. இடம் மாறினால் நேரம் மாறும் என்ற அறிவு அச்சொல்லில் பொதிந்திருக்கிறது. திருநெல்வேலியிலிருந்தும் பிற மாவட்டங்களிலிருந்தும் தாராவிக்கும் மாட்டுங்காவுக்கும் செம்பூருக்கும் தேசாந்தரம் போன தமிழர்கள் தங்கள் பெட்டிகளோடு பஞ்சாங்கத்தையும் கொண்டு வந்தார்கள். பஞ்சாங்கத்தின் தேசாந்தரம் மட்டும் கூட வரவில்லை.

மும்பைத் தமிழர் வீட்டுச் சுவர்களில் தொங்கும் நாள்காட்டிகள் பெரும்பாலும் தமிழ்நாட்டில் அச்சானவை. அவற்றில் திங்கட்கிழமை இராகு காலம் காலை 7.30 முதல் 9 மணி வரை. இந்த எண், சூரியன் 6 மணிக்கு உதித்து 6 மணிக்கு மறைகிறது என்ற எடுகோளின் மேல் நிற்பது. பகற்பொழுதை எட்டாகப் பகுத்து இரண்டாம் பகுதியை எடுக்க வேண்டும் என்பதே விதி. தை முதல் வாரத்தில் சயானில் சூரியன் ஏறத்தாழ 7.14க்கு உதித்து 6.20க்கு மறைகிறது. விதிப்படி கணித்தால் திங்கட்கிழமை இராகு காலம் 8.37 முதல் 10 மணி வரை வரும். அச்சிட்ட நேரத்திற்கும் இதற்கும் பொதுவாக இருப்பது வெறும் 23 நிமிடம். ஒருவர் ‘நேரம் நல்லாயிருக்கு’ என்று 9.15க்குப் புறப்பட்டால், அவர் நம்பும் நூலின்படியே அவர் தவறான நேரத்தில் புறப்படுகிறார்.

நிலையாக அரை மணி நேரத்தைக் கூட்டிவிட்டால் போதாதா என்று கேட்கலாம். போதாது. சென்னைக்கும் மும்பைக்கும் சூரிய உதய வேறுபாடு தை மாதத்தில் ஏறத்தாழ 40 நிமிடம். ஆனி மாதத்தில் 20 நிமிடத்திற்கும் சற்றுக் குறைவு. தீர்க்கரேகை வேறுபாடு ஆண்டு முழுதும் 30 நிமிடம்தான். ஆனால் மும்பை 6 பாகை வடக்கே இருப்பதால் குளிர்காலத்தில் அங்கே பகல் சுருங்குகிறது, கோடையில் நீள்கிறது. இதைத்தான் சரம் என்றார்கள். ஒரு திருகாணியால் சரிசெய்ய முடியாத இயந்திரம் இது. தாராவியின் 90 அடிச் சாலையில் பொங்கலன்று பெண்கள் வரிசையாகப் பானை வைக்கும்போது, சென்னையில் சூரியன் எழுந்து 40 நிமிடம் ஆன பிறகே அவர்களுடைய சூரியன் எழுகிறது. அவர்கள் வணங்குவது கண்முன் எழும் சூரியனையே என்பதால் அங்கே பிழை நேர்வதில்லை. பிழை அச்சிட்ட தாளில் இருக்கிறது.

இராகு காலமே மூடநம்பிக்கை, அதன் துல்லியத்தை ஆராய்வது வீண் என்ற மறுப்பு எழும். பகுத்தறிவு மரபில் வளர்ந்த கல்விச் சூழலில் அது நியாயமான மறுப்பே. ஆயினும், ஒரு கருவியின் பயனை ஏற்பது வேறு. அக்கருவி தன் விதியைத் தானே கடைப்பிடிக்கிறதா என்று சோதிப்பது வேறு. இரண்டாவது சோதனையே வலுவான விமர்சனம். நம்பிக்கையாளர் கண்ணை மூடிக்கொண்டு ஏற்பதையும் எதிர்ப்பாளர் கண்ணை மூடிக்கொண்டு மறுப்பதையும் அது ஒருசேர நிறுத்துகிறது. தமிழ்ப் பஞ்சாங்க உலகிலேயே வாக்கியம், திருக்கணிதம் என்ற இரு முறைகளுக்கு இடையிலான பூசல் இத்தகைய சோதனையிலிருந்து எழுந்ததுதான். மதராஸ் வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி 19ஆம் நூற்றாண்டிலேயே வானை நேரிற்கண்டு கணிக்கும் பஞ்சாங்கத்திற்காக வாதிட்டார்.

வாக்கியப் பஞ்சாங்கம் என்ற பெயர் மொழியியலாளர்களின் கவனத்திற்கும் உரியது. நிலவின் இருப்பிடத்தைக் கணிக்க 248 வாக்கியங்கள் மனப்பாடமாக வைத்துக்கொள்ளப்பட்டன. ஒவ்வொரு வாக்கியத்தின் எழுத்துகளும் எண்களாகப் பெயர்க்கப்படும். மொழியே பல்சக்கரமாகச் சுழன்ற இயந்திரம் அது. ஜான் வாரன் 1825இல் மதராஸில் வெளியிட்ட ‘கால சங்கலித’ என்னும் நூல், புதுச்சேரியில் வாழ்ந்த தமிழ்க் கணிதர் ஒருவர் சிப்பிகளைத் தரையில் பரப்பி, மனத்திலிருந்த அட்டவணைகளைக் கொண்டு ஒரு சந்திர கிரகணத்தைக் கணித்ததைப் பதிவுசெய்திருக்கிறது. 1952இல் ஓட்டோ நொய்கெபவர் அக்கணிப்பை ஆராய்ந்தார். கிரகணத் தொடக்கத்தில் 4 நிமிடமும் நடுவில் 23 நிமிடமும் முடிவில் 52 நிமிடமும் பிழை இருந்தது. தாளும் எழுதுகோலும் இன்றிச் செய்த கணிப்பில் தொடக்கம் அவ்வளவு நெருங்கியது வியப்பு. முடிவு அவ்வளவு விலகியது பாடம். கருவி எவ்வளவு நுட்பமானதாயினும் அதை அவ்வப்போது வானோடு ஒப்பிட்டுத் திருத்தாவிட்டால் பிழை வளர்ந்துகொண்டே போகும்.

சொற்களும் இப்படியே விலகுகின்றன. பழைய கணக்கில் ஒரு நாளுக்கு 60 நாழிகை. ஒரு நாழிகைக்கு 60 விநாடி. அப்படியானால் ஒரு விநாடி இன்றைய அளவில் 24 நொடி. இன்று விநாடி என்று எழுதுபவர் அதன் இருபத்து நான்கில் ஒரு பங்கையே குறிக்கிறார். சொல் அப்படியே இருக்க, அதன் அளவை மாறிவிட்டது. பழஞ்சுவடியில் விநாடி என்று கண்டதும் இன்றைய பொருளில் படிக்கும் மாணவர், பழுதான கால இயந்திரத்தில் ஏறிய பயணிதான். இலங்கைத் தமிழில் ‘செக்கன்’ என்று வழங்குவதைச் சிலர் கலப்பென்று குறைகூறுவதுண்டு; இந்தக் குழப்பத்தை அது தவிர்த்துவிட்டது என்பதையும் சேர்த்தே எண்ணிப் பார்க்க வேண்டும்.

கற்பனைக்கு வெளியே, காலத்தை வளைப்பது அன்றாட நிகழ்வாகிவிட்டது. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள், ஈர்ப்பு குறைந்த உயரத்தில் இருப்பதாலும் விரைந்து செல்வதாலும், தரையிலுள்ள கடிகாரங்களைவிட நாளொன்றுக்கு நிகரமாக 38 மைக்ரோ நொடி முந்துகின்றன. ஏவுவதற்கு முன்னரே அவற்றைச் சற்று மெதுவாக ஓடும்படி திருத்தி வைக்கிறார்கள். திருத்தாவிட்டால் ஒரே நாளில் இடங்காட்டும் பிழை 10 கிலோமீட்டரைத் தொடும். அங்கே இடத்திற்கேற்ற திருத்தத்தை எவரும் அற்பமென்று கருதுவதில்லை.

ஆவணங்களின் உலகில்தான் அலட்சியம் தொடர்கிறது. உலகெங்கும் கணினிகளும் கைபேசிகளும் சார்ந்திருக்கும் நேர மண்டலத் தரவுத்தளத்தில் இந்தியாவுக்கு உள்ள உள்ளீடு ஒன்றே. அது கொல்கத்தாவின் பெயரில் இருக்கிறது. 1970க்குப் பிறகு ஒரே கடிகாரத்தைப் பகிரும் பகுதிகளை ஒன்றாகக் கொள்வது அத்தரவுத்தளத்தின் கொள்கை. ஆகவே 1906க்கு முந்தைய மதராஸ் நேரம் அதில் இருக்கிறது. பம்பாய் நேரத்திற்குத் தனி உள்ளீடு இல்லை. 1920ஆம் ஆண்டுப் பம்பாய் மாநகராட்சி ஆவணம் ஒன்றை எண்மமாக்கி, ‘மாலை 5 மணி’ என்று உள்ளிட்டால், கணினி அதை ஐயமின்றித் திட்ட நேரமாகவே எடுத்துக்கொள்ளும். அரை நூற்றாண்டுக் காலம் ஒரு மாநகரம் பிடிவாதமாகக் காத்த நேரம், ஒரு வசதிக்காகச் செய்த முடிவில் இல்லாமற்போகிறது.

இதன் விளைவு கற்பனையன்று. 1944 ஏப்ரல் 14 அன்று பம்பாய்த் துறைமுகத்தில் ‘ஃபோர்ட் ஸ்டிகைன்’ கப்பல் வெடித்தது. வெடிப்பு நேரம் மாலை 4 மணி 6 நிமிடம் என்று நூல்கள் கூறுகின்றன. அந்த நாளில் அந்நகரத்தில் போர்க்காலத் திட்ட நேரமும் பம்பாய் நேரமும் அருகருகே வழங்கின. அவற்றிடையே 1 மணி 39 நிமிட இடைவெளி இருந்தது. ஒரு மருத்துவமனைப் பதிவேட்டையும் ஒரு தீயணைப்புப் பதிவேட்டையும் ஒரு முதியவரின் நினைவையும் அடுக்கி அன்றைய மாலையை மீட்டெழுதும் ஆய்வாளர், ஒவ்வொன்றும் எந்தக் கடிகாரத்தைப் பார்த்துச் சொல்லப்பட்டது என்று கேட்காவிட்டால், காரணம் விளைவாகவும் விளைவு காரணமாகவும் இடம் மாறிவிடும். அக்காலத்தில் தாராவியிலோ மாட்டுங்காவிலோ பிறந்தவரின் சாதகத்தில் உள்ள பிறந்த நேரத்திற்கும் இதே கேள்வி பொருந்தும். வரலாறு எழுதுபவர்கள் எல்லாரும் ஒருவகையில் கால இயந்திரம் ஓட்டுபவர்களே.

இதனால் ஊருக்கொரு நேரம் திரும்ப வர வேண்டும் என்று வாதிடுவது அபத்தம். ஒற்றைப் பாதையில் எதிரெதிரே வரும் இரு வண்டிகளுக்கு ஒரே நேரம் வேண்டும். வங்கிக்கும் மின்தொகுப்புக்கும் வேண்டும். தில்லியிலுள்ள தேசிய இயற்பியல் ஆய்வகம் அணுக் கடிகாரங்களால் பேணும் திட்ட நேரத்தையே எல்லாரும் பின்பற்ற வேண்டும் என்ற விதிகளின் வரைவை ஒன்றிய அரசு 2025 ஜனவரியில் வெளியிட்டது. அதே ஆய்வகத்தின் அறிவியலாளர்கள்தாம் 2018இல், வடகிழக்கு மாநிலங்களுக்கு ஒரு மணி நேரம் முந்திய இரண்டாம் நேரம் வேண்டும் என்றும் எழுதினார்கள். அசாமின் தேயிலைத் தோட்டங்கள் அத்தகைய ஒரு நேரத்தை நெடுங்காலமாகக் கடைப்பிடித்து வருகின்றன. பொது நேரத்தின் தேவையும் உள்ளூர்ச் சூரியனின் உண்மையும் ஒன்றையொன்று அழிப்பவையல்ல. இரண்டிற்கும் நடுவே ஒரு திருத்தக் கணக்கு வேண்டும். அந்தக் கணக்கை எழுதிவைக்க வேண்டும். அவ்வளவே.

செய்யக்கூடியவை எளியவை. வாய்மொழி வரலாறு பதிவுசெய்யும் மாணவர், சொல்லப்பட்ட நேரத்தோடு எந்தக் கடிகாரத்தின் நேரம் என்ற குறிப்பையும் சேர்க்கலாம். நூலகங்களும் எண்ம ஆவணகங்களும் நேரத்திற்கு ஒரு புலம் வைத்திருந்தால் அதன் அருகில் தேசாந்தரத்திற்கும் ஒரு புலம் வைக்கலாம். மும்பைக்கு அனுப்பும் நாள்காட்டியில் அந்நகரின் உதயமும் அத்தமனமும் அச்சிடுவது எந்த அச்சகத்திற்கும் பெரிய வேலையன்று. தமிழில் அடுத்த கால இயந்திரக் கதையை எழுதுபவர், நாளும் மணியும் காட்டும் முகப்பில் ஊருக்கும் ஒரு குமிழ் வைக்கலாம். 39 நிமிடம் பிந்திய தெருவில் இறங்கும் கதைமாந்தர், வரலாற்றை மாற்றுவதற்கு முன் அந்தத் தெருவில் நிற்பவர்களிடம் மணி கேட்க வேண்டியிருக்கும். வேறெந்த மொழியிலும் தேடாமல், அந்தக் குமிழுக்குரிய பெயர் தமிழ்ப் பஞ்சாங்கத்திலேயே கிடைக்கிறது.